துளசி போடாத தாய்லாந்துக் கறி

மார்கழி மாசம், வெள்ளிக்கிழமை சாயங்காலம். அந்த வாரத்து ஆணியெல்லாம் ஒருவழியா புடுங்கி முடிச்சு லேப்டாப்பை மூடிட்டு, கூடத்துக்கு வந்து பெருமையா அறிவிச்சேன்: "நாளைக்கு மதியச் சமையல் என்னோடது. தாய் கறி பண்ணப்போறேன்."

பூ தொடுத்துக்கிட்டிருந்த ஆச்சி நாரை அப்படியே மடியில போட்டுட்டு நிமிர்ந்து பார்த்தாங்க. "மார்கழி மாசத்துல கறியாடா? அதுலயும் தாய்க் கறியா? ஏண்டா உனக்குப் புத்தி இப்படிப் போகுது?"

"தாய்லாந்து ஆச்சி, தாய்லாந்து. அது ஒரு நாடு. இது வெறும் காய்கறிதான்."

"அப்போ காய்னு சொல்லு. கறிங்காதே."

எங்க ராஜபாளையத்துப் பக்கம் கறின்னா ஆட்டுக்கறிதான். வேற அர்த்தமே கிடையாது. ஆனா ஆச்சி கோவிச்சுக்கிட்ட அந்தச் சொல்லு இருக்கே, அது சுத்தாத ஊர் கிடையாது. சங்க இலக்கியத்துல கறின்னா மிளகு. பட்டினப்பாலையில பூம்புகார்ல வந்து குவியுற சரக்குகளைச் சொல்லும்போது மிளகு மூட்டைக்கு இந்தச் சொல்தான் வருது. யவனர்கள் பொன்னைக் கொடுத்துட்டு முசிறியில ஏத்திக்கிட்டுப் போனதும் இதே கறியைத்தான்னு அகநானூறு சொல்லுது. அப்புறம் மிளகு போட்டுச் சமைச்ச தொடுகறிக்கும் அதே பேர் வந்துச்சு, காய்க்கும் வந்துச்சு, கடைசியில எங்க ஊர்ல ஆட்டுக்கு வந்து நின்னுடுச்சு. நடுவுல போர்ச்சுக்கீசியர்கள் வாயில 'கரில்' ஆகி, ஆங்கிலத்துல 'கரி' ஆச்சு. லண்டன்ல 1747-ல ஹன்னா கிளாஸ் எழுதின சமையல் புத்தகத்துலேயே இந்திய முறைக் கரிக்கு ஒரு குறிப்பு இருக்கு.

தாய்லாந்துல குழம்பு வகைக்குப் பொதுப்பேர் 'கேங்'. அதுல மஞ்சள் நிறத்துல ஒண்ணு இருக்கு, அதுக்குப் பேர் 'கேங் கரி'. கேங்ன்னாலும் குழம்பு, கரின்னாலும் குழம்பு. நாம 'நடு சென்டர்'னு சொல்ற மாதிரி :-) ஆக, நான் தாய்லாந்துலேர்ந்து வீட்டுக்குக் கொண்டு வந்த சொல்லு, ஏற்கெனவே நம்ம ஊர்லேர்ந்து கிளம்பிப் போனது.

இதை ஆச்சிகிட்ட விளக்கினேன். பொறுமையா கேட்டுட்டு, "சரி, வெங்காயம் பூண்டு இல்லாம எனக்குத் தனியா வச்சுடு. மிளகாயும் ஆகாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு"ன்னாங்க. வெங்காயம், பூண்டு, மிளகாய் மூணும் இல்லாம தாய்லாந்துக் கறி. கிளையண்ட் ரெக்வயர்மெண்ட் இதைவிட மோசமால்லாம் வந்திருக்கு. சரின்னுட்டேன்.

*

கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கிறேன். மூணு வருஷத்துக்கு முன்னாடி ப்ராஜக்ட் வேலையா மூணு வாரம் பாங்காக் போயிருந்தேன். சைவமா சாப்பிடணும்னா என்ன வழின்னு கூட வேலை பார்த்த தாய்லாந்து நண்பர்கிட்ட கேட்டப்போ, 'ஜே'ன்னு சொல்லுன்னார். ஜேன்னா வெறும் சைவம் இல்ல. வெங்காயம், பூண்டும் கிடையாது. சீன வழி விரதச் சாப்பாடு அது. புக்கெட் தீவுல வருஷா வருஷம் ஒன்பது நாள் ஊரே இந்த விரதம் இருக்கும். 1825 வாக்குல கத்துங்கிற ஊர்ல தொடங்கினதா சொல்றாங்க. மீன் சாஸும் இறால் விழுதும் இல்லாம அந்த ஊர்ல குழம்பே கிடையாதுன்னு நினைச்சிருந்தவனுக்கு, இந்த ஒரு எழுத்து மூணு வாரம் சோறு போட்டுச்சு. ஆச்சி கேட்டது ஒண்ணும் நடக்காத காரியம் இல்லைன்னு அதனாலதான் தைரியமா சரின்னேன்.

அந்தப் பயணத்துல ஒரு ஞாயித்துக்கிழமை பார்த்தது ஒண்ணு இருக்கு. அதை அப்புறமா சொல்றேன். முதல்ல கடைக்குப் போவோம்.

*

பச்சைக் கறிக்கான குறிப்பை நெட்ல எடுத்துத் தமிழ்ல எழுதிக்கிட்டேன். கடைசி வரி: 'இறக்கும்போது ஒரு கைப்பிடி பேசில் இலை'. அகராதியில பேசில்னா துளசி. அம்மா சீட்டை வாங்கிப் படிச்சுட்டு ஒரே வார்த்தைதான் சொன்னாங்க. "பிச்சுப்புடுவேன்."

நியாயம்தானே? ஆச்சி பிறந்தது ஸ்ரீவில்லிபுத்தூர் மாடவீதிப் பக்கம். எங்க வீட்டுலேர்ந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். பெரியாழ்வார் நந்தவனத்துல துளசிச் செடியடியில கிடைச்ச குழந்தைதான் ஆண்டாள்னு கேட்டு வளர்ந்தவங்க. அந்தச் செடியைப் பறிச்சு குழம்புல போடறேன்னா ஒத்துப்பாங்களா?

உட்கார்ந்து தேடினதுலதான் விஷயம் புரிஞ்சுது. தாய்லாந்துக்காரங்க ரெண்டு விதமான இலை வச்சிருக்காங்க. ஒண்ணு 'கப்ராவ்'. அதுதான் நம்ம துளசி, கறியோட வதக்குறதுக்கு. இன்னொண்ணு 'ஹோராபா'. பச்சைக் கறியில போடறது இதைத்தான். சோம்பு வாசம் வரும், தண்டு கொஞ்சம் கருஞ்சிவப்பா இருக்கும். அது நம்ம திருநீற்றுப்பச்சிலை! சப்ஜா விதை எந்தச் செடியிலேர்ந்து வருதோ அதே இனம். கதம்பத்துல மரிக்கொழுந்தோட சேர்த்துக் கட்டுவாங்களே, அது. அம்மா சொன்னதுதான் சரி, அகராதி தப்பு. ஒரே ஆங்கிலப் பேருக்குள்ள ரெண்டு இலையை அடைச்சா இப்படித்தான் ஆகும்.

சனிக்கிழமை காலையில பைக்கை எடுத்துக்கிட்டு ஸ்ரீவில்லிபுத்தூர் போனேன். பச்சிலை வாங்கத்தான்னு வச்சுக்குங்க, பால்கோவாவும் ஒரு காரணம். அந்த வாரம்தான் கோயில்ல பகல்பத்து ஆரம்பிச்சிருந்துச்சு. பகல்பத்து முதல் நாள் அங்க ஒரு வழக்கம் உண்டு, 'பச்சை பரப்புதல்'. ஆண்டாளும் ரெங்கமன்னாரும் பெரியாழ்வார் வம்சத்தார் வீட்டுக்கு வருவாங்க. பிறந்த வீட்டுக்கு வர்ற பொண்ணுக்கு முன்னால காய்கறியைக் குவியல் குவியலா பரப்பி வச்சு வரவேற்பாங்க. பூசணி, கத்திரி, வாழைக்காய், கிழங்குன்னு மலை மாதிரி குவிஞ்சிருக்கும். சின்ன வயசுல ஆச்சி என்னைத் தோள்ல உட்கார வச்சுக் காட்டியிருக்காங்க. சீதனமா நகை நட்டு இல்ல, காய்கறி. எனக்கு அது எப்பவும் பிடிச்ச விஷயம்.

சந்நிதித் தெரு பூக்கடையில பத்து ரூபாய்க்குத் திருநீற்றுப்பச்சிலை கொடுத்தாங்க, கை கொள்ளலை. அடுத்தது நாட்டு மருந்துக் கடை. தாய்லாந்துக் கறிக்கு உயிர் 'கா'ங்கிற கிழங்கு. அது வேற ஒண்ணுமில்ல, பேரரத்தை. இருமலுக்குப் போடற சித்தரத்தையோட பெரிய அண்ணன். கேட்டதும் கடைக்காரர், "எத்தனை நாளா இருமல் தம்பி?"ன்னார். "இருமல் இல்லண்ணே, குழம்புக்கு"ன்னேன். ஏற இறங்க ஒரு பார்வை பார்த்துட்டு நிறுத்துக் கொடுத்தார்.

இப்படியே ஒவ்வொண்ணா பார்த்தா எல்லாமே பக்கத்துலதான் இருக்கு. எலுமிச்சம்புல்லை நாம தைலமாத்தான் பார்த்திருக்கோம். மேற்குத் தொடர்ச்சி மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்துல அதுக்குன்னே ஓடக்காலியில 1951-லேர்ந்து ஆராய்ச்சி நிலையம் இருக்கு. வெளிநாட்டு வியாபாரத்துல இந்தத் தைலப்புல்லுக்குக் கொச்சின் புல்லுன்னே பேர். மக்ரூட் எலுமிச்சை இலை மட்டும் இங்க கிடைக்கலை. வேப்பிலைக்கட்டிக்கு நாரத்தை இலை சேர்ப்போம்ல, அந்த வாசம் முக்கால்வாசி ஒத்து வருது. நடு நரம்பை எடுத்துட்டு மெலிசா நறுக்கணும்.

எல்லாத்தையும்விட ஆச்சரியம் சுண்டைக்காய். பச்சைக் கறியில குட்டிக் குட்டியா பச்சை மணி மிதக்குமே, பாங்காக்ல அதைப் பட்டாணின்னு நினைச்சுத்தான் கடிச்சேன். கசந்துச்சு. அவங்க பேர் 'மக்கூவா புவாங்', கொத்துக் கத்திரின்னு அர்த்தம். சாட்சாத் நம்ம சுண்டைக்காய். மலையடிவாரத்துல வேலியோரமா தானா முளைச்சுக் கிடக்குறது. நாம மோர்ல ஊறப்போட்டு வத்தல் ஆக்குறோம், அவங்க பச்சையா தேங்காய்ப்பால்ல போடறாங்க.

அப்புறம் கருப்பட்டி. தாய்லாந்துக் கறியில ஒரு துளி இனிப்பு வேணும். அந்த மொழியில சர்க்கரைக்குப் பேர் 'நாம் தான்'. நாம்னா தண்ணி, தான்னா பனை. பதநீர்தான் அவங்களுக்குச் சர்க்கரை. நம்ம தென்மாவட்டத்துக்காரன் எவனுக்கும் இதை விளக்கவே வேணாம்.

இந்த இடத்துல ஒரு ஆபத்து இருக்கு மக்கா. இதுவரைக்கும் படிச்சுட்டு, 'எல்லாம் நம்மகிட்டேர்ந்து போனதுதான்'னு வாட்ஸப்ல ஒரு ஃபார்வர்டு தட்டத் தோணும். எனக்கும் தோணிச்சு. ஒரே மாதிரி மழை, ஒரே மாதிரி வெயில், அதனால ஒரே மாதிரி செடி. சுண்டைக்காய்க்கும் பேரரத்தைக்கும் ஆதார் கார்டு கிடையாது. அதுலயும் சுண்டை அமெரிக்காக் கண்டத்துச் செடின்னு தாவரவியல்காரங்க சொல்றாங்க. அந்த நினைப்பை ஒரேயடியா அடக்கினது, சீட்டுல அடுத்து இருந்த மிளகாய்தான்.

*

தாய்லாந்துக் கறின்னா உறைப்பு. நம்ம சமையல்னாலும் உறைப்பு. ஆனா ரெண்டு பேருக்கும் மிளகாய் சொந்தமில்லை. அதுவும் அமெரிக்காக் கண்டத்துச் செடிதான். 1492-ல கொலம்பஸ் அங்க போனதுக்கு அப்புறம்தான் மத்த உலகத்துக்கே மிளகாய் தெரியும். வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுல இறங்கினது 1498. போர்ச்சுக்கீசியர்கள் கோவாவைப் பிடிச்சது 1510, மலாக்காவைப் பிடிச்சது 1511. அதே 1511-ல தாய்லாந்தோட அன்னைக்குத் தலைநகரான அயுத்தயாவுக்கு துவார்த்தே ஃபெர்னாண்டஸ்னு ஒரு தூதரை அனுப்பினாங்க. அவங்க கப்பல் போன வழியிலதான் மிளகாயும் போச்சு. நமக்கும் அவங்களுக்கும் சரக்கு கொடுத்தது ஒரே கம்பெனி, ஏறக்குறைய ஒரே காலம்.

அதுக்கு முன்னாடி ரெண்டு ஊர்லயும் உறைப்புக்கு மிளகுதான், கூட திப்பிலி. புதுசா வந்த காய்க்கு என்ன பேர் வைக்கிறதுங்கிறதுல ரெண்டு மொழியும் எப்படி யோசிச்சிருக்குன்னு பாருங்க. தமிழன் மிளகு மாதிரி காரமா இருக்குற காய்ன்னு 'மிளகாய்'னு வச்சுட்டான். தாய்லாந்துல மிளகுக்குப் பேர் 'ப்ரிக்'. வந்த மிளகாய் அந்தப் பேரை அப்படியே பிடுங்கிக்கிச்சு. இன்னைக்கு அங்க வெறுமனே ப்ரிக்னா மிளகாய்தான். பேரைப் பறிகொடுத்த பழைய மிளகை, 'ப்ரிக் தாய்', அதாவது தாய்லாந்து ப்ரிக்னு, ஊர்ப் பேரைச் சேர்த்துச் சொல்ல வேண்டியதாப் போச்சு. வாடகைக்கு வந்தவர் வீட்டுப் பேரையே மாத்திட்டார், வீட்டுக்காரர் 'நான்தாங்க பழைய ஆள்'னு போர்டு மாட்டிக்கிட்டார்.

நம்ம வீடுகள்ல திதிச் சமையலுக்கு இன்னைக்கும் மிளகாய் சேர்க்க மாட்டாங்க, மிளகுதான். வழக்கம் மாறாத கோயில் மடைப்பள்ளிகள்லயும் அப்படித்தான். 500 வருஷம் ஆகியும் மிளகாய் உள்ள நுழையாத ரெண்டு மூணு அடுப்பு பாக்கி இருக்கு.

இதை யோசிச்சுக்கிட்டே கடையில நிக்கும்போதுதான் உறைச்சுது. டாக்டர் மிளகாய் வேண்டாம்னார். ஆச்சிக்கு மிளகு போட்டுப் பண்ணினா, அதுல மிளகாய் வர்றதுக்கு முந்தின காலத்து உறைப்பு இருக்கும்ல? தாய்லாந்துல காட்டுக் கறின்னு ஒண்ணுல பச்சை மிளகைக் கொத்தோட போடற வழக்கம் இன்னைக்கும் இருக்கு. மார்கழியில மலைச் சரக்கு வர்ற நேரம். தேடினதுல பச்சை மிளகுக் கொத்து 100 கிராம் கிடைச்சுது.

*

இப்போ அந்த ஞாயித்துக்கிழமைக் கதை.

பாங்காக்ல நடுரோட்டுல ஒரு பெரிய சிவப்பு வாசல் மாதிரி நிக்குது. உயரமான ரெண்டு தேக்குத் தூண், மேல ஒரு குறுக்குச் சட்டம். ஊஞ்சல்னு சொன்னாங்க, ஆனா பலகையும் இல்ல, கயிறும் இல்ல. பக்கத்துலேயே தேவஸ்தான்னு சின்னதா ஒரு கோயில், அரசவைப் பிராமணர்களோடது. ரெண்டும் 1784-ல முதலாம் ராமா மன்னர் கட்டினது. 1767-ல அயுத்தயா பர்மியப் படையெடுப்புல அழிஞ்சுது. 1782-ல பாங்காக் தலைநகர் ஆச்சு. பழைய தலைநகர்ல என்னென்ன சடங்கு இருந்துச்சோ அதையெல்லாம் புது ஊர்ல திரும்ப நட்டாங்க. அதுல ஒண்ணு இந்த ஊஞ்சல் திருவிழா.

பயங்கரமான விழா. ஊஞ்சல்ல ஆளுங்க நின்னுக்கிட்டு வீசி ஆடி, எதிர்ல உயரமான மூங்கில்ல கட்டியிருக்குற காசுப் பையைப் பல்லால கவ்வணும். விழுந்து செத்தவங்களும் உண்டு. 1935-ல ஆடுறதை நிறுத்திட்டாங்க. மரம் மட்டும் நின்னுது. அதுவும் இத்துப்போய், 2007-ல புதுத் தேக்குல மாத்திக் கட்டினாங்க.

"இந்தத் திருவிழாவுக்குப் பேர் என்ன?"ன்னு நண்பர்கிட்ட கேட்டேன். "திரியம்பவாய், திரிபவாய்"ன்னார்.

எனக்கு ஒரு நிமிஷம் ஒண்ணும் ஓடலை. திரும்பச் சொல்லச் சொன்னேன். திரியம்பவாய். திரிபவாய். திருவெம்பாவை. திருப்பாவை.

மார்கழிக் காலையில அஞ்சு மணிக்கு ஆச்சி குரல்ல கேட்டுக் கேட்டு, போர்வையை இழுத்து மூடிக்கிட்டுத் திட்டிக்கிட்டே தூங்கின பேர் அது. ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பொண்ணு பாடின பாட்டோட பேர், பாங்காக் நடுரோட்டுல நிக்குது.

வந்து படிச்சுப் பார்த்தேன். தனிநாயகம் அடிகள் உட்படப் பல அறிஞர்கள் இதைப் பத்தி எழுதியிருக்காங்க. முதல் பத்து நாள் சிவனுக்கு, அது திரியம்பவாய். அடுத்த அஞ்சு நாள் பெருமாளுக்கு, அது திரிபவாய். ஊஞ்சல்தான் நின்னுதே தவிர, கோயிலுக்குள்ள சடங்கு இன்னைக்கும் நடக்குது. பொரி, வாழைப்பழம், கரும்பு, தேங்காய் படைச்சு, சுவடியில இருக்குறதை ஓதறாங்க. கிரந்த எழுத்து வழி வந்த எழுத்துல எழுதின சுவடி. ஆராய்ச்சி பண்ணினவங்க அதுல திருவெம்பாவைப் பாட்டுகளை அடையாளம் கண்டுபிடிச்சிருக்காங்க. ஆனா சொல்லெல்லாம் தேய்ஞ்சு, தாய்மொழி உச்சரிப்புல உருமாறிப் போயிருக்கு. தமிழ்னு தெரிஞ்சு கேட்டாத்தான் தமிழ். ஓதறவங்களுக்கு அர்த்தம் தெரியாது. அது மந்திரம், அவ்வளவுதான். மாணிக்கவாசகர் திருவாசகத்துல திருப்பொன்னூசல்னு ஊஞ்சல் பாட்டே வச்சிருக்கார். பாவையும் ஊசலும் அங்க ஒரே திருவிழாவுல சேர்ந்துக்கிச்சு.

எப்படிப் போச்சு? அந்தப் பிராமணர்கள் தென் தாய்லாந்துல இருக்குற நகோன் சி தம்மராட், பட்டலுங் வழியா வந்தவங்கன்னு அவங்க மரபு சொல்லுது. அந்தக் கரையில தமிழ்க்காரன் கால்தடம் ரொம்பப் பழசு. கிராபி பக்கம் குவான் லுக் பட்ங்கிற இடத்துல பொன் உரைக்கிற கல் ஒண்ணு கிடைச்சிருக்கு, அதுல தமிழ் பிராமியில 'பெரும்பதன் கல்'னு எழுதியிருக்கு. கி.பி. 3, 4-ஆம் நூற்றாண்டுன்னு கணிக்கிறாங்க. ஒரு பொற்கொல்லர் தன் கல்லுல பேர் எழுதி வச்சிருக்கார், நாம டிபன் பாக்ஸ்ல எழுதற மாதிரி. அதுக்கு வடக்கே தகுவா பாவில 9-ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு கிடைச்சிருக்கு. அவனிநாரணம்னு ஒரு குளம் வெட்டி, அதை மணிக்கிராமத்தாருக்கும் சேனாமுகத்தாருக்கும் அடைக்கலமா விட்டதைச் சொல்லுது. அவனிநாரணன்ங்கிறது பல்லவன் மூன்றாம் நந்திவர்மன் பட்டப்பேர். மணிக்கிராமம்னா வணிகர் குழு.

அதே 9-ஆம் நூற்றாண்டுல பாண்டிய நாட்டை ஆண்டவன் ஸ்ரீமாற ஸ்ரீவல்லபன். பெரியாழ்வாரை அவன் காலத்தவர்னு பல ஆய்வாளர்கள் சொல்றாங்க. அதாவது, இங்க ஒரு பொண்ணு நந்தவனத்துல மாலை கட்டிக்கிட்டிருந்த காலத்துலேயே, கடலுக்கு அந்தப் பக்கம் நம்மாளுங்க குடிதண்ணிக்குக் குளம் வெட்டிக்கிட்டிருந்தாங்க. பாட்டு போக வழி ஏற்கெனவே இருந்துச்சு. வியாபாரத்துக்குப் போறவன் மூட்டையில மிளகு இருக்கும், துணி இருக்கும், வாயில பாட்டு இருக்கும்.

அது ஒருவழிப் பாதையும் இல்லை. பின்னாடி 17, 18-ஆம் நூற்றாண்டுல சோழமண்டலக் கரையில நெசவு பண்ணிச் சாயம் போட்ட துணிகள் அயுத்தயாவுக்குப் போச்சு. டிசைன் அங்கேர்ந்து வரும், வேலை இங்க நடக்கும். படிக்கும்போது சிரிச்சுட்டேன். ஸ்பெக் அங்க, டெவலப்மெண்ட் இங்க. 300 வருஷமா நம்ம பொழப்பு மாறவே இல்லை.

*

சரி, அடுப்பைப் பத்த வைப்போம்.

முந்தின ராத்திரியே பேரரத்தையைச் சுடுதண்ணியில ஊறப்போடணும்னு எல்லாரும் எழுதியிருந்தாங்க. நான் காலையிலதான் வாங்கினேன், அதனால ரெண்டு மணி நேரம் வெந்நீர்லயே கிடந்துச்சு. கட்டை விரல் அளவு போதும், மிஞ்சினா மருந்து வாசம் அடிக்கும். அதோட எலுமிச்சம்புல் அடித்தண்டு ரெண்டு, கொத்தமல்லி வேர், அரை ஸ்பூன் சீரகம், ஒரு ஸ்பூன் மல்லி, நாரத்தை இலை. கொத்தமல்லி வேரை நாம வெட்டிக் குப்பையில போடறோம், அதுலதான் வாசமே இருக்கு. இதைப் பொதுவா அரைச்சு ரெண்டு பங்காக்கினேன். எங்களுக்குப் பச்சை மிளகாய் 8, சின்ன வெங்காயம், பூண்டு. ஆச்சிக்குப் பச்சை மிளகும் கொத்தமல்லித் தழையும். மீன் சாஸுக்குப் பதிலா எங்க சட்டிக்கு சோயா சாஸ், ஆச்சி சட்டிக்கு வெறும் உப்பு. காய்க்கு வரிக்கத்திரி, தட்டைக்காய், சுண்டைக்காய்.

அடுத்தது தேங்காய்ப்பால். ரெண்டு தேங்காய். மூணு பால் எடுத்து வச்சேன். இங்கதான் அம்மாவுக்கும் எனக்கும் சண்டை.

எங்க தாலுகா 1910 வரைக்கும் திருநெல்வேலி ஜில்லாவுல இருந்தது. அந்த வருஷம்தான் புதுசா ராமநாதபுரம் ஜில்லா உண்டாக்கி அதுல சேர்த்தாங்க. ஜில்லா மாறிச்சே தவிர நாக்கு மாறலை. சொதின்னா எங்க வீட்டுல விருந்து. சொதிக்கு ஒரு சட்டம் உண்டு. மூணாம் பால்ல காய் வேகணும், அப்புறம் ரெண்டாம் பால், கடைசியா முதல் பாலை ஊத்தி, நுரை கட்டும்போதே இறக்கிடணும். கொதிச்சா திரிஞ்சிடும். திரிய விட்டவ மருமகளே இல்லை.

தாய்லாந்துச் சட்டம் நேர் தலைகீழ். முதல் பாலைத்தான் முதல்ல ஊத்தணும். நடுத்தர தீயில கிளறிக் கிளறி, அது திரிஞ்சு எண்ணெய் பிரியற வரைக்கும் விடணும். அந்த எண்ணெய்லதான் அரைச்ச விழுதை வதக்கணும். தாளிக்கத் தனியா எண்ணெய் கிடையாது. அப்புறம் மிச்சப் பால், காய், ஒரு துண்டு கருப்பட்டி. கடைசியா பச்சிலையைப் போட்டு மூடிட்டா முடிஞ்சுது.

நான் முதல் பாலைச் சட்டியில ஊத்தினதும் அம்மா பதறிட்டாங்க. பத்து நிமிஷம் பக்கத்துலேயே நின்னு, "திரியுது பாரு, திரியுது பாரு"ன்னு சொல்லிக்கிட்டே இருந்தாங்க. திரியணும்னுதாம்மா ஊத்தினேன்னா யார் கேக்குறா? ஆனா எண்ணெய் பிரிஞ்சு, விழுது விழுந்து, அந்த வாசம் எழும்பினப்போ பேச்சு நின்னுடுச்சு.

*

ஆச்சிக்குப் போன வருஷத்துலேர்ந்து மறதி. சில நாள் என்னை எங்க மாமா பேர் சொல்லிக் கூப்பிடுறாங்க. சாப்பிட்டதை மறந்து திரும்பக் கேக்குறாங்க. ஆனா காலை அஞ்சு மணிக்கு எழுந்து முப்பது பாட்டும் சொல்றது மட்டும் நிக்கலை. இந்த மார்கழியில அதுலயும் கொஞ்சம் இடிக்குது. பதினாலுலேர்ந்து பதினெட்டுக்குத் தாவிடுறாங்க. சில இடத்துல சொல்லு போய் வெறும் ராகம் மட்டும் வருது. அம்மா அடுப்படியிலேர்ந்தே அந்த அடியை எடுத்துக் கொடுப்பாங்க. நான் போர்வைக்குள்ள கேட்டுக்கிட்டுக் கிடப்பேன். முன்னாடி மாதிரி திட்டறதில்லை.

ஆச்சி இலையில மிளகுக் கறியை ஊத்தினேன். முதல்ல மோந்து பார்த்தாங்க. "பச்சிலை வாசம் வருதே, மாலை கட்டுனியா?"ன்னாங்க. ஒரு வாய் சாப்பிட்டாங்க. நான் ரிவ்யூ மீட்டிங்ல நிக்கிறவன் மாதிரி நின்னேன்.

"சொதிதானே இது? பாலைத் திரிய விட்டுட்டியே. உங்கம்மா சொல்லித் தரலியா?"

அம்மா என்னைப் பார்த்த பார்வை இருக்கே :-)

ஆனா ஆச்சி இலையில மிச்சம் வைக்கலை. சுண்டைக்காயை ஒவ்வொண்ணா தேடி எடுத்துச் சாப்பிட்டாங்க. சாப்பிட்டு முடிச்சு சாய்ஞ்சு உட்கார்ந்தப்போ, பாங்காக் ஊஞ்சல் கதையைச் சொன்னேன். அந்த ஊர்லயும் பாவை ஓதறாங்க ஆச்சி, ஆனா சொல்லெல்லாம் மாறிப்போச்சு, என்ன அர்த்தம்னு அவங்களுக்கே தெரியாதுன்னு.

கொஞ்ச நேரம் ஒண்ணும் பேசலை. கேட்டாங்களா இல்லையான்னுகூட எனக்குத் தெரியலை. அப்புறம் சொன்னாங்க: "எனக்கு மட்டும் எல்லாம் தெரிஞ்சுதான் சொல்றேனா? எங்கம்மா சொன்னா, நான் சொல்றேன். தெரியலைன்னு விட்டுட முடியுமா?"

நான் ஒரு டேபிளைக்கூட பேக்கப் எடுக்காம விட்டதில்லை. ஆச்சி குரலை இத்தனை வருஷத்துல ஒருநாள்கூட ரெக்கார்ட் பண்ணலை. மறுநாள் காலையில அஞ்சு மணிக்கு அலாரம் வச்சு எழுந்து, செல்போனை ஆன் பண்ணி சாமி ரூம் வாசல்ல வச்சேன். பதினாலாம் பாட்டு முடிஞ்சு ஆச்சி நின்னப்போ, பதினஞ்சாவதோட முதல் சொல்லை நான் எடுத்துக் கொடுத்தேன். எனக்கு அது தெரியும்னு அதுவரைக்கும் எனக்கே தெரியாது.

டிஸ்கி: பச்சைக் கறி செய்யறவங்க கவனத்துக்கு. துளசி இல்லை, திருநீற்றுப்பச்சிலை. பாலைத் திரிய விடுங்க. பக்கத்துல அம்மாவை நிக்க விடாதீங்க.